ரேகை விழாத விரலும் தேய்த்தே தீர்த்த தோலும்

சித்தி பீடி சுற்றுகிறவர். சிறுமியாக இருக்கும்போதே சொளவை மடியில் வைத்தவர், இப்போது அறுபதை நெருங்குகிறார். போன ஆனி மாதம் ரேஷன் கடை மெஷின் அவர் கைரேகையை ஏற்கவில்லை. கட்டைவிரல், ஆள்காட்டி விரல் என்று மாற்றி மாற்றி வைத்துப் பார்த்தும் பலிக்கவில்லை. பின்னால் நின்றவர்கள் முணுமுணுக்க, அரிசி வாங்காமலே வீட்டுக்கு வந்துவிட்டார்.

மறுவாரம் கிளம்பும் முன் துணி சோப்பைப் போட்டு, தேங்காய் நாரால் பத்து விரலையும் தேய் தேய் என்று தேய்த்திருக்கிறார். "பொகயிலைத் தூளுதாம்லே ரேகையை அடைச்சிருக்கு. தேச்சுக் கழுவிட்டுத்தான் போனேன், பெறகும் விழமாட்டேங்கு." விழாது. மிச்சம் மீதி இருந்த ரேகையையும் தேங்காய் நார் எடுத்துக்கொண்டு போயிருந்தது.

பள்ளிக்கூடத்தில் உயிரியல் நடத்துகிறவன் நான். சித்தி செய்ததை நம்மில் பாதிப் பேர் தினமும் குளியலறையில் செய்கிறோம். தோலின் மேல் அடுக்கை அழுக்கு என்றோ, செத்த சக்கை என்றோ நினைத்துச் சுரண்டுகிறோம். அது செத்த செல்தான், ஆனால் சக்கை இல்லை. உடம்பு இரண்டு வாரம் பாடுபட்டுச் செய்து முடித்த பொருள்.

களக்காடு, சேரன்மகாதேவி பக்கத்து வாழைத் தோட்டத்தில் நின்று ஒரு மரத்தைப் பாருங்கள். புதுக் குருத்து நடுவிலிருந்து வருகிறது. முன்னால் வந்த பட்டைகள் ஒவ்வொன்றாக வெளிப்பக்கம் தள்ளப்பட்டு, கடைசியில் சருகாகி மரத்தைச் சுற்றி நிற்கின்றன. வெயிலையும் காற்றையும் முதலில் வாங்குவது அந்தச் சருகுதான். மேல்தோலும் ஏறக்குறைய இப்படித்தான். அடி அடுக்கில் செல்கள் பிரிந்து பெருகுகின்றன. பிரிந்ததில் ஒன்று அடியிலேயே நிற்க, இன்னொன்று மேலே நகர்கிறது. நகரும்போதே கெரட்டின் என்ற புரத நூலை நெய்துகொள்கிறது. மாட்டுக் கொம்பிலும் நகத்திலும் முடியிலும் இருப்பது இதே குடும்பத்துப் புரதம். பக்கத்துச் செல்லோடு டெஸ்மோசோம் என்ற பொத்தான்களால் பூட்டிக்கொள்கிறது.

மேலே நெருங்க நெருங்க, செல் தன் வீட்டைத் தானே காலி செய்யத் தொடங்குகிறது. கரு கரைகிறது, உள்ளுறுப்புகள் மறைகின்றன. போகும் முன் தனக்குள் பொதிந்து வைத்திருந்த கொழுப்பை வெளியே தள்ளுகிறது. செராமைடு, கொலஸ்டிரால், கொழுப்பு அமிலங்கள் என்று இந்த மூன்றும் சேர்ந்த கலவை, தட்டையான செல்களுக்கு இடையே சாந்து மாதிரி இறுகுகிறது. கடைசியில் நமக்குக் கிடைப்பது பதினைந்து, இருபது அடுக்குத் தட்டைச் செல்கள். உள்ளங்கை, உள்ளங்கால் தவிர மற்ற இடங்களில் இதன் மொத்தத் தடிமன் 0.01 முதல் 0.02 மில்லிமீட்டர்தான். உடம்புத் தண்ணீர் ஆவியாகிவிடாமல் காப்பதில் பெரும்பங்கு இந்த மெல்லிய ஏடுடையது. அடியில் பிறந்த செல் இங்கே வந்து சேர ஏறத்தாழ இரண்டு வாரம், வந்த பிறகு உதிர இன்னொரு இரண்டு வாரம். வயதானால் இன்னும் மெதுவாக.

எனக்கு ஆச்சரியம் வேறொன்றில். மேலே செல் உதிர்கிறது, கீழிருந்து வேறு வருகிறது. ஐப்பசி அடைமழையில் ஒரு சொட்டு ஒழுகாமல் கூரையில் ஓடு மாற்றுகிற வேலை இது, நாள் முழுக்க நடக்கிறது. எப்படி ஒழுகாமல் இருக்கிறது? ஜப்பானிலும் லண்டனிலும் உள்ள ஆய்வாளர்கள் 2016-இல் எலிக் காதுத் தோலை வைத்து இதற்கு விடை சொன்னார்கள். இடைவெளி விடாமல் இடத்தை நிரப்ப ஏற்றது என்று இயற்பியலாளர் கெல்வின் பிரபு 1887-இல் முன்வைத்த பதினான்கு முக வடிவம் ஒன்று உண்டு. அதைத் தட்டையாக அமுக்கினால் வரும் உருவத்தில்தான், செத்த அடுக்குக்குச் சற்றுக் கீழே உள்ள செல்கள் அடுக்கப்பட்டிருக்கின்றன. பழைய செல் விலகும் முன்பே, கீழே உள்ள செல் தன் பக்கத்துச் செல்களோடு புது ஒட்டை முடித்துவிடுகிறது. அப்புறம்தான் பழையது இடத்தை விடும்.

சரி, இவ்வளவு நுணுக்கமாகக் கட்டியதை நாம் என்ன செய்கிறோம்?

பீர்க்கங்காய் நார், கல், சொரசொரப்பான துணி என்று தேய்த்து, உருண்டு வருவதைக் காட்டி "பாரு, எவ்வளவு அழுக்கு" என்கிறோம். அந்த உருண்டையில் எண்ணெயும் தூசியும் கொஞ்சம், மீதி உதிராமல் இருந்திருக்க வேண்டிய செல்கள். உதிர வேண்டியவற்றை உதிர்க்கத் தோலிலேயே நொதிகள் இருக்கின்றன. நேரம் வந்ததும் பொத்தானை வெட்டிவிடும். நாம் சுரண்டினால் நேரம் வராததும் சேர்ந்து போகிறது. அன்று பளபளப்பாகத் தெரிந்தாலும், மறுநாள் ஆடிக்காற்றில் எரியும். பணகுடி, கயத்தாறு பக்கம் காற்றாலை சுற்றும் மாதங்களில் இதைச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

சோப்பு விஷயம் இதைவிட மோசம். ஆரோக்கியமான தோலின் மேற்பரப்பு லேசான அமிலம், பி.எச். என்ற அளவில் ஐந்தைச் சுற்றி இருக்கும். அந்த அளவில் ஏழுக்குக் கீழே அமிலம், மேலே காரம். சாந்துக் கொழுப்பைப் பக்குவப்படுத்தும் நொதிகளுக்கு அந்த அமிலம் வேண்டும். வழக்கமான கட்டிச் சோப்பு பி.எச். ஒன்பது, பத்து. அது கொழுப்பையும் கரைக்கிறது, அமிலத்தையும் கெடுக்கிறது. பி.எச். ஏறினால், பொத்தானை வெட்டும் நொதிகளுக்கு வேகம் வந்து செல்கள் காலத்துக்கு முன்பே கழன்றுவிடும். துணி சோப்பும் பாத்திர சோப்பும் பாத்திரத்துக்கும் துணிக்கும்தான், உடம்புக்கு இல்லை. தினமும் சோப்புப் போட்டே ஆக வேண்டிய இடம் அக்குள், தொடை இடுக்கு, பாதம். முழங்காலும் முதுகும் வெறும் தண்ணீருக்கே சம்மதிக்கும். கொதிக்கக் கொதிக்க வெந்நீர் ஊற்றினாலும் இதே கதைதான், சாந்து இளகிப் போகும்.

அமிலம் நல்லது என்றதும் என் மாணவன் ஒருவன் புளியங்குடி எலுமிச்சையை முகத்தில் தேய்த்துக்கொண்டு வந்தான். எலுமிச்சைச் சாற்றின் பி.எச். இரண்டு. தோல் எரியும். சாறு பட்ட இடத்தில் வெயிலும் பட்டால் கொப்புளம் எழும்பி, ஆறிய பிறகு கருந்திட்டாக நிற்கவும் கூடும். எலுமிச்சை சர்பத்துக்கு.

கணுக்கால் மேலே மீன்செதில் மாதிரி வெடித்த தோலோடு சில பிள்ளைகள் இருப்பார்கள். "ஒழுங்காத் தேச்சுக் குளிக்க மாட்டேங்கான்" என்று வீட்டில் அடி விழும். பாவம், பல பேருக்கு அது பிறவி அமைப்பு. ஃபிலாக்ரின் என்று ஒரு புரதம், கெரட்டின் நூல்களைக் கற்றையாகக் கட்டிவிட்டு, பிறகு தானே சிதைந்து, ஈரத்தைப் பிடித்து வைக்கும் பொருளாக மாறுகிறது. அதன் மரபணுவில் குறை இருந்தால் இப்படி வறண்ட செதில் தோல் வரும், எக்சிமா என்ற அரிப்புத் தோல்நோய் வரும் வாய்ப்பும் கூடும் என்பது 2006-இல் தெரியவந்தது. அந்தப் பிள்ளையைத் தேய்க்கத் தேய்க்கக் கூடத்தான் செய்யும். காளாஞ்சகப்படையும் (சோரியாசிஸ்) அழுக்கோ ஒட்டுநோயோ அல்ல. அதில் செல்கள் நாலு வாரப் பயணத்தைச் சில நாட்களிலேயே ஓடி முடித்து, பாதி வெந்த நிலையில் மேலே குவிகின்றன.

தண்ணீரில் நிறைய நேரம் இருந்தால் தோலுக்கு ஈரம் ஏறும் என்பதும் தப்புக்கணக்கு. பிசான நடவுக் காலத்தில் அம்பாசமுத்திரம் பக்கம் வயலில் நாள் முழுக்க நிற்கிற பெண்களின் விரலிடுக்கைப் பார்த்தால் தெரியும். கெரட்டின் தண்ணீரைக் குடித்து ஊதி, வெளுத்து, நைந்து, பூஞ்சைக்குக் கதவு திறந்துவிடும். சேற்றுப்புண் அப்படித்தான் தொடங்குகிறது. கரையேறியதும் நல்ல தண்ணீரில் கழுவி, விரலிடுக்கைத் துணியால் ஒற்றி உலர்த்த வேண்டும். அங்கே எண்ணெய் தடவினால் ஈரம் உள்ளேயே அடைபடும்.

மற்ற இடத்துக்கு எண்ணெய் நல்லதே, ஆனால் எண்ணெய் தண்ணீர் தராது, இருக்கிற தண்ணீரைப் போகாமல் மூடும், அவ்வளவுதான். அதனால் குளித்து மூன்று மணி நேரம் கழித்துக் காய்ந்த காலில் தடவுவதைவிட, துண்டால் ஒற்றிய கையோடு, ஈரம் மிச்சமிருக்கும்போதே தடவுவது பலன். பித்தவெடிப்பைப் பிளேடால் சீவுகிறவர்களுக்கும் இதுதான் பதில். ராத்திரி காலை ஊறவைத்து, ஒற்றி, வாசலின் தடவி, பழைய காலுறை போட்டுப் படுங்கள். சுகர் இருக்கிறவர்கள் பிளேடு பக்கமே போகக்கூடாது.

கடைசியாக ஒன்று, எனக்கு உண்மையிலேயே கோபம் வருகிற விஷயம். படைக்கும் அரிப்புக்கும் மெடிக்கலில் கேட்டு வாங்கும் கிரீம்கள், முகம் சிவக்க என்று தோழி தந்த ட்யூப்கள். இவற்றில் பலவற்றில் பீட்டாமெத்தசோனோ குளோபெட்டசோலோ இருக்கும், இரண்டுமே ஸ்டீராய்டு. மருத்துவர் சொன்ன இடத்தில், சொன்ன நாள் வரை போட்டால் அவை நல்ல மருந்து. நாமாக மாதக்கணக்கில் போட்டால், அடி அடுக்கில் செல் பிரிவதே மட்டுப்படும், சாந்துக் கொழுப்பு குறையும், தோல் மெலிந்து நரம்பு நரம்பாகத் தெரியும். படர்தாமரையின் அரிப்பு அடங்கினாலும் பூஞ்சை அடியில் ஜோராகப் பரவும். இத்தகைய கிரீம்களைச் சீட்டு இல்லாமல் விற்கக்கூடாது என்று 2018-இல் மத்திய அரசு விதியை இறுக்கியது. விதி ஒரு பக்கம் இருக்க, எங்கள் வீட்டு அலமாரியிலேயே பாதி பிதுக்கிய ட்யூப் ஒன்று கிடந்தது. எடுத்துக் குப்பையில் போட்டேன்.

சித்தியிடம் நான் சொன்னது இது: ரேகை அழியவில்லை. அந்த வரிகளின் அச்சு மேல்தோலும் அடித்தோலும் சந்திக்கும் இடத்தில் இருக்கிறது. மேலே தேய்ந்தாலும் புதுச் செல்கள் அதே அச்சில்தான் வரும், நாலைந்து வாரம் விட்டுக்கொடுக்க வேண்டும். துணி சோப்பும் நாரும் நின்றன. ராத்திரி கையைக் கழுவி, ஈரத்தோடு தேங்காய் எண்ணெய் தடவிப் படுத்தார். பீடியை நிறுத்தச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை, நிறுத்தினால் அரிசிக்கு மேல் எல்லாவற்றுக்கும் எங்கே போவது.

ஆவணி முதல் வாரம் போனோம். இடது கை மோதிர விரலுக்கு மெஷின் பச்சை காட்டியது. வலது கட்டைவிரல் அன்றும் விழவில்லை. அந்த விரலை வைத்துத்தான் அவர் இலையை உருட்டுகிறார்.