சண்டை செங்கடலில், சரக்கு அம்பத்தூரில்: ஏற்றுமதி ஆர்டரில் கையெழுத்திடும் முன்

அம்பத்தூர், கிண்டி, பல்லாவரம் பக்கம் சிறு ஏற்றுமதி நிறுவனம் நடத்துபவரிடம் உலக அரசியல் பெரும்பாலும் காகிதமாகத்தான் வந்து சேரும்: விலை நிபந்தனை, காப்பீட்டுப் பாலிசி, ஹெச்.எஸ். குறியீடு (சுங்கத்தில் பொருளின் வகையைக் காட்டும் எண்). டி.வி. விவாதம் பார்க்கும் நேரத்தில் கையிலுள்ள ஒவ்வொரு ஆர்டரையும் இந்த மூன்றோடு ஒட்டிப் பார்த்துவிடலாம்.

வரி ஏறினால் யார் தலையில்?

எஃப்.ஓ.பி. விலை என்றால், சரக்கு சென்னையிலோ காட்டுப்பள்ளியிலோ கப்பல் ஏறிய பிறகு கடல் வாடகை வாங்குபவர் பாடு. சி.ஐ.எஃப். என்றால் வாடகை உயர்வு உங்கள் பாடு. டி.டி.பி. என்றால் அந்த நாட்டுச் சுங்க வரியும் உங்களுடையதே. 2025 ஆகஸ்ட் 27-இல் பல இந்தியப் பொருட்களுக்கு அமெரிக்கக் கூடுதல் வரி 25 சதவீதத்திலிருந்து 50 ஆனபோது, டி.டி.பி. விலை சொன்னவருக்குத்தான் அந்த வித்தியாசம். அதனால் "ஒப்பந்தத் தேதிக்குப் பின் வரும் புதிய வரி வாங்குபவரைச் சேரும்" என்று ஒரு வாக்கியம் எழுதி வாங்குங்கள். விலைக்குக் கெடு 90 நாள் கொடுக்காமல் 15 நாளோடு நிறுத்துங்கள்.

பில் ஆஃப் லேடிங்கில் (சரக்கை ஏற்றிக்கொண்டு கப்பல் நிறுவனம் தரும் ஆவணம்) கப்பலேறிய தேதி சரியாக இருக்கிறதா என்றும் பாருங்கள். அந்த ஆகஸ்ட் 27-க்கு முன் கப்பலேறி, செப்டம்பர் 17-க்கு முன் அமெரிக்காவில் பதிவான சரக்குக்குத்தான் பழைய விகிதம் கிடைத்தது.

பாதை நீண்டால்

2023 நவம்பரில் ஏமனின் ஹூதி கிளர்ச்சியாளர்கள் செங்கடலில் கப்பல்களைத் தாக்கத் தொடங்கிய பின், ஐரோப்பா செல்லும் கன்டெய்னர் கப்பல்கள் பெரும்பாலும் ஆப்பிரிக்காவின் நன்னம்பிக்கை முனையைச் சுற்றத் தொடங்கின. கூடுதலாக 10 முதல் 14 நாள். சரக்கு சேர்ந்த பின்தான் பணம் என்ற நிபந்தனையில், 40 லட்ச ரூபாய் சரக்குக்கு 12 சதவீத வட்டியில் 14 நாள் தாமதம் சுமார் 18,400 ரூபாய். விலை போடும்போதே இதைச் சேருங்கள். முடிந்தால் பணக் கெடுவை பில் ஆஃப் லேடிங் தேதியிலிருந்து எண்ணும்படி கேளுங்கள்.

காப்பீட்டில்தான் பலர் இடறுகிறார்கள். வழக்கமான கடல் சரக்குப் பாலிசி போர் ஆபத்தைச் சேர்க்காது. தனியாக வாங்க வேண்டும். அதையும் பொதுவாக 7 நாள் நோட்டீஸில் காப்பீட்டு நிறுவனம் ரத்து செய்யலாம். அது சரக்கு கப்பலில் இருக்கும்வரைதான். கிடங்கில் குண்டு விழுந்தால் கிடையாது. தாமதத்தால் வரும் இழப்புக்கு எந்தப் பாலிசியிலும் பொதுவாக இடமில்லை. இரண்டு வாரம் கூடுதலாக ஈரக்காற்றில் கிடந்து தோல் சரக்கு பூஞ்சை பிடித்தால் இழப்பீடு கேட்பது கடினம். நீண்ட பாதைக்கு ஈரம் உறிஞ்சும் பைகளைக் கூடுதலாகத் தொங்கவிடுவது அதைவிட மலிவு.

போல்ட்டுக்கும் கார்பன் கணக்கு

இறக்குமதிப் பொருளின் கார்பன் உமிழ்வுக்குப் பணம் கேட்கும் ஐரோப்பிய ஒன்றியத்தின் எல்லைக் கார்பன் விதி (சிபிஏஎம்) 2026 ஜனவரி 1 முதல் முழுமையாக நடைமுறையில் இருக்கிறது. 7318 குறியீட்டில் வரும் போல்ட், நட்டு, ஸ்க்ரூ அதில் அடக்கம். பணம் கட்டுவது அங்குள்ள இறக்குமதியாளர்தான். ஆனால் உமிழ்வுக் கணக்கை உங்களிடம்தான் கேட்பார். அவர் இந்த விதிக்குள் வரும் பொருட்களை ஆண்டுக்கு மொத்தம் 50 டன்னுக்குக் கீழ் இறக்குமதி செய்தால் விலக்கு உண்டு, முதலில் அதைக் கேட்டுவிடுங்கள்.

பலர் மின் கட்டண ரசீதைத் தேடி ஓடுகிறார்கள். எஃகுப் பொருளுக்கு இப்போது அது கணக்கில் வராது. பெரும்பாலும், நீங்கள் வாங்கும் கம்பியில் ஏற்கனவே ஏறியிருக்கும் உமிழ்வுதான் கணக்கு. ஊதுலை எஃகு என்றால் டன்னுக்கு 2 டன்னுக்கு மேல் கார்பன் டை ஆக்சைடு. பழைய இரும்பை மின்வில் உலையில் உருக்கியது என்றால் மிகக் குறைவு. எனவே ஒவ்வொரு லாட்டுக்கும் ஹீட் எண் (எந்த முறை உருக்கிய எஃகு என்று காட்டும் எண்) உள்ள மில் சான்றிதழும், உமிழ்வு எண்ணும் ஆலையிடம் எழுத்தில் வாங்குங்கள். இடைத்தரகரிடம் கலப்பாக வாங்கிய கம்பிக்கு இது கிடைக்காது. கிடைக்காவிட்டால் ஒன்றியம் நிர்ணயித்த மதிப்புதான். அது பெரும்பாலும் உங்களுக்குப் பாதகம்.

ஒப்பந்தத்தில் எழுத வேண்டியது

தவிர்க்க முடியாத நிகழ்வுக்கான பிரிவில் "போர், இயற்கைச் சீற்றம்" என்று பொதுவாக எழுதினால் செலவு உயர்வுக்கு விடுதலை கிடைக்காது. இந்தோனேசிய விதிமாற்றத்தால் நிலக்கரி விலை ஏறியதைக் காட்டி மின் நிறுவனங்கள் கேட்ட நிவாரணத்தை உச்ச நீதிமன்றம் 2017-இல் அந்தப் பிரிவின் கீழ் ஏற்கவில்லை: விலை ஏறினால் ஒப்பந்தம் நிறைவேற்ற முடியாததாகிவிடாது. எனவே கடல் வாடகை இத்தனை சதவீதம் ஏறினால் விலை மறுபேச்சு என்று எண்ணோடு எழுதுங்கள்.

வாங்குபவர், அவர் வங்கி, கப்பல் மூன்றின் பெயரையும் அமெரிக்காவில் பொருளாதாரத் தடைகளைக் கவனிக்கும் ஓ.எஃப்.ஏ.சி. அலுவலகத்தின் தடைப் பட்டியலில் இலவசமாகத் தேடலாம். துபாய் முகவரியில் இன்வாய்ஸ், சரக்கு வேறு நாட்டுக்கு என்றால் கடைசிப் பயனாளி யார் என்று எழுத்தில் கேளுங்கள். வாங்குபவர் நாட்டில் போரோ பணப் பரிமாற்றத் தடையோ வந்து பணம் நின்றால் தாங்க, ஏற்றுமதிக் கடனுக்குக் காப்பீடு தரும் அரசு நிறுவனமான இ.சி.ஜி.சி.யின் பாலிசி உண்டு, ஆனால் சரக்கு கிளம்பும் முன்னே எடுத்திருக்க வேண்டும், வாங்குபவருக்குக் கடன் வரம்பும் வாங்கியிருக்க வேண்டும்.