அரை நாள் காட்டுவழிப் பயணத்தைத் திட்டமிடுவது எப்படி?

வழிகாட்டி ஒருவருடன் மலைப்பாதையில் காரில் சென்று, இடையில் ஒரு வனவிலங்குச் சரணாலயத்தையும் பார்த்துவிட்டு, மதியத்துக்குள் திரும்பிவிட வேண்டும் என்று நினைப்பவர்கள் பெரும்பாலும் முதலில் வரைபடத்தைத் திறந்து, வழியில் உள்ள காட்சி முனைகளை வரிசையாகக் குறித்துக்கொள்கிறார்கள். சரணாலயம் அந்த வரிசையில் எங்கே இடம் கிடைக்கிறதோ அங்கே போய் உட்கார்ந்துகொள்கிறது. நானும் ஒருமுறை அப்படித்தான் செய்தேன். நான்கு இடங்களில் நின்று படம் எடுத்துவிட்டுப் பத்தரை மணிக்குச் சரணாலயத்துக்குள் நுழைந்தபோது, அங்கே வெயிலைத் தவிர வேறு எதுவும் நடமாடவில்லை. பள்ளத்தாக்கும் அருவியும் நமக்காகக் காத்திருக்கும் என்பதால், சரணாலயத்தில் நாம் இருக்க வேண்டிய நேரத்தை முதலில் முடிவு செய்துகொண்டு, மற்றவை அனைத்தையும் அதற்கு முன்னும் பின்னுமாக அமைப்பதே சரியான முறையாகும்.

அந்த நேரம் எது என்பதில் குழப்பம் இல்லை. பல பாலூட்டிகளும் பறவைகளும் விடியலை ஒட்டிய இரண்டு மணி நேரத்திலும், சூரியன் மறைவதற்கு முந்தைய இரண்டு மணி நேரத்திலும் இரை தேடவும் நீர் அருந்தவும் வெளியே வருகின்றன. வெப்பம் ஏறியதும் நிழலுக்குள் ஒதுங்கிப் படுத்துவிடுகின்றன. இந்த இரண்டில் குறுகிய பயணத்துக்குக் காலையே ஏற்றது என்பது என் கருத்து. மாலையில் சென்றால் சரணாலயத்தை விட்டு வெளியே வரும்போது இருட்டிவிடும். அறிமுகமில்லாத மலைப்பாதையை இருட்டில் கடக்க வேண்டியிருக்கும். பார்க்க விரும்பிய காட்சிகளும் தெரியாமல் போகும். கோடையின் வறண்ட நாட்களில் மட்டும் மாலைக்குக் கூடுதல் மதிப்பு உண்டு. காட்டுக்குள் பல குட்டைகள் வற்றிவிடுவதால், எஞ்சியிருக்கும் நீர்நிலைக்கு விலங்குகள் கூட்டமாக வந்துசேரும்.

கணக்கை எழுதிப் பார்ப்பது நல்லது. காலை 6 மணிக்குச் சூரியன் உதிக்கிறது என்றும், சரணாலயத்தின் வாயில் அப்போதே திறக்கிறது என்றும், அது நாம் தங்கியிருக்கும் இடத்திலிருந்து 20 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது என்றும் வைத்துக்கொள்வோம். வளைவுகள் மிகுந்த பாதையில் சராசரியாக மணிக்கு 25 கிலோமீட்டருக்கு மேல் எதிர்பார்க்கக் கூடாது. ஆகவே ஏறக்குறைய 50 நிமிடம் ஆகும், 5 மணிக்குப் புறப்பட்டால் போதும். உள்ளே 2 மணி நேரம். அதன்பின் 40 கிலோமீட்டர் சுற்றுவழியாகத் திரும்பினால் ஓட்டத்துக்கு மட்டும் ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்று மேல் பிடிக்கும். மூன்று காட்சி முனைகளில் 20 நிமிடம் வீதம் நின்றாலும் பதினொரு மணிக்கு முன்பே திரும்பிவிடலாம். நான்காவது இடத்தைச் சேர்க்கத் தோன்றும். சேர்க்காமல் இருப்பதே மேல். புறப்படும் நாளுக்கு முன்பே வாயில் திறக்கும் நேரத்தையும், வார விடுமுறை உண்டா என்பதையும், அனுமதிச் சீட்டை முன்னதாக வாங்க வேண்டுமா என்பதையும், சொந்த வாகனத்தை உள்ளே விடுவார்களா என்பதையும் சரணாலய நிர்வாகத்திடமே கேட்டு உறுதி செய்துகொள்ள வேண்டும். காடுகளை ஊடுருவிச் செல்லும் சாலைகள் பல இடங்களில் இரவில் மூடப்படுவதால், 5 மணிக்குப் புறப்பட இயலுமா என்பதையும் அப்போதே விசாரித்துவிடலாம்.

வழிகாட்டியைத் தேர்ந்தெடுப்பதில்தான் பயணத்தின் பாதி வெற்றி இருக்கிறது. "இன்ன விலங்கைக் கட்டாயம் காட்டுகிறேன்" என்று உறுதி கூறுபவரை நான் அமர்த்துவதில்லை. அந்த வாக்கைக் காப்பாற்ற அவர் வாகனத்தை விரட்டுவார், விலங்கின் அருகே மிகவும் நெருங்குவார், மற்ற வாகனங்கள் குவிந்திருக்கும் இடத்துக்கே நம்மையும் இழுத்துச் செல்வார். கடந்த சில நாட்களில் எந்தப் பகுதியில் எதைக் கண்டார், எந்த மரம் காய்த்திருக்கிறது, எந்தக் குட்டையில் இன்னும் நீர் இருக்கிறது என்பவற்றைக் கேட்டுப் பாருங்கள். விவரமாகப் பதில் சொல்பவர் காட்டைத் தொடர்ந்து கவனித்து வருபவர். பறவைகளில் ஆர்வமா, பெரிய விலங்குகளில் ஆர்வமா, குழந்தைகளோ முதியவர்களோ உடன் வருகிறார்களா, நடக்க முடியாதவர் உண்டா என்பவற்றை நாமும் அவரிடம் முன்னரே சொல்லிவிட வேண்டும். வண்டியை வழிகாட்டியே ஓட்டுவதைவிட, ஓட்டுவதற்கு வேறொருவர் இருப்பது நல்லது. சாலையையும் புதரையும் ஒரே கண்ணால் பார்க்க யாராலும் முடியாது.

மலைப்பாதையில் குமட்டல் ஏற்படுபவர்கள் குழுவில் ஒருவராவது இருப்பார்கள். உடல் அசைவதாக உள்காது உணர்த்த, வண்டிக்குள்ளேயே பதிந்திருக்கும் கண் அசைவில்லை என்று தெரிவிக்க, இந்த முரண்பாட்டால்தான் தலைசுற்றலும் வாந்தியும் வருகின்றன. அவர்களை முன் இருக்கையில் அமரச் செய்து, தொலைவில் சாலையைப் பார்த்துக்கொண்டு வரச் சொல்ல வேண்டும். கைபேசியைப் பார்க்கவே கூடாது. வயிறு காலியாகவும் இருக்கக் கூடாது, நிரம்பியும் இருக்கக் கூடாது. மாத்திரை தேவைப்படுவோர் மருத்துவரைக் கேட்டு, புறப்படுவதற்கு முன்பே எடுத்துக்கொள்வது பயன் தரும். அவற்றில் பல தூக்கத்தை வரவழைப்பவை என்பதால் ஓட்டுநர் அவற்றைத் தொடக் கூடாது. உயரம் 1000 மீட்டர் கூடும்போது வெப்பநிலை ஏறத்தாழ 6 டிகிரி செல்சியஸ் குறையும். விடியற்காலைக் காற்றில் சன்னலைத் திறந்து வைத்திருக்கப் போகிறவர்களுக்கு ஒரு கம்பளிச் சட்டை தேவைப்படும். பளிச்சென்ற வெள்ளையும் சிவப்பும் தவிர்த்து, மங்கலான பச்சை, பழுப்பு, சாம்பல் நிறங்களில் உடுத்துவது வழக்கம்.

வாயிலைக் கடந்தபின் வேகம் மணிக்கு 20 கிலோமீட்டரைத் தாண்ட வேண்டாம். வேகம் இரு மடங்கானால், பிரேக்கை மிதித்த பிறகு வண்டி நிற்க எடுத்துக்கொள்ளும் தூரம் நான்கு மடங்காகும் என்பதால், புதரிலிருந்து திடீரெனப் பாயும் மானைக் காப்பாற்றுவது இந்த வேகம்தான். மெதுவாகச் சென்றால்தான் கண்ணுக்கும் வேலை இருக்கும். ஹார்ன் அடிப்பது, பாட்டுப் போடுவது, கதவை அறைந்து சாத்துவது ஆகிய மூன்றும் கூடாது என்று வண்டி நகர்வதற்கு முன்பே எல்லோருக்கும் சொல்லிவிட வேண்டும். எதையாவது பார்த்துவிட்டால் கத்தாமல் தெரிவிப்பதற்கு ஓர் ஏற்பாடு வேண்டும். ஓட்டுநரின் தோளை ஒருமுறை தட்டினால் நிறுத்த வேண்டும் என்பதும், வண்டி செல்லும் திசையைப் பன்னிரண்டு மணியாகக் கொண்டு "இரண்டு மணித் திசை, பட்ட மரத்தின் அடியில்" என்று மெல்லிய குரலில் சொல்வதும் எளியவை. குழந்தைகளும் இதை விளையாட்டைப்போல் உடனே பழகிக்கொள்கிறார்கள்.

தொடர்ந்து ஓட்டிக்கொண்டே இருப்பதைவிட, நீர்நிலைக்கோ திறந்த புல்வெளிக்கோ அருகில், அனுமதிக்கப்பட்ட இடத்தில் வண்டியை நிறுத்தி, எஞ்சினை அணைத்துவிட்டு 20 நிமிடம் பேசாமல் அமர்ந்திருப்பது அதிகப் பலன் தரும். முதல் ஐந்து நிமிடம் எதுவும் நடக்காது, குழுவில் ஒருவர் "போகலாமா?" என்று கேட்பார். வண்டியின் இரைச்சலால் அடங்கியிருந்த பறவைகள் அதன் பிறகே மீண்டும் கூவத் தொடங்கும். வாகனங்களுக்குப் பழகிய விலங்குகள் நிற்கும் காரை ஓர் ஆபத்தாக எடுத்துக்கொள்வதில்லை. அதே காரிலிருந்து ஒருவர் இறங்கி நின்றால் மனித உருவத்தை அடையாளம் கண்டு ஓடிவிடுகின்றன, அல்லது தாக்க வருகின்றன. ஆகவே இறங்கலாம் என்று குறிக்கப்பட்ட இடத்தைத் தவிர வேறெங்கும் கதவைத் திறக்கக் கூடாது.

பார்ப்பதற்கும் ஒரு பழக்கம் வேண்டும். முழு விலங்கைத் தேடாதீர்கள்; காட்டில் அது அரிதாகவே கிடைக்கும். செங்குத்தான மரங்களுக்கு நடுவே ஒரு கிடைக்கோடு, ஆடாத இலைகளுக்கு நடுவே ஆடும் ஒரு காது, நிழலுக்குள் சற்று அடர்ந்த இன்னொரு நிழல் ஆகியவற்றைத் தேட வேண்டும். புதரின் மேற்பரப்பில் பார்வையை நிறுத்தாமல், அதன் இடைவெளிகளின் வழியே உள்ளே பார்க்க வேண்டும். இடமிருந்து வலமாகப் படித்துப் பழகிய கண் அந்தத் திசையில் விரைந்து ஓடிவிடும் என்பதால், வலமிருந்து இடமாகத் துழாவிப் பார்க்கச் சொல்லும் வழிகாட்டிகளும் உண்டு. கண்ணைவிடக் காது முந்திக்கொள்ளும் தருணங்கள் பல. மரத்தின் மேல் அமர்ந்திருக்கும் குரங்கு ஒரே திசையைப் பார்த்தபடி மீண்டும் மீண்டும் எச்சரிக்கைக் குரல் எழுப்பினால், அந்தத் திசையில் வேட்டை விலங்கு இருக்க வாய்ப்பு அதிகம். ஒரே ஒருமுறை கேட்டு அடங்கிய குரலை அவ்வளவாக நம்ப வேண்டியதில்லை. மேய்ந்துகொண்டிருந்த மான்கள் எல்லாம் தலையை நிமிர்த்தி ஒரு பக்கமாக உற்று நோக்கினால், நீங்களும் அங்கேயே பாருங்கள்.

தரையும் பேசும். பூனைக் குடும்ப விலங்குகள் நடக்கும்போது நகங்களை உள்ளிழுத்துக்கொள்வதால் அவற்றின் காலடித் தடத்தில் பொதுவாக நகக்குறி இருக்காது. நாய்க் குடும்பத் தடத்தில் நகக்குறி தெரியும். டயர் பதிந்த மண்ணின் மேல் விலங்கின் தடம் இருந்தால் அந்த வண்டி போன பிறகு விலங்கு கடந்திருக்கிறது என்று பொருள். தடத்தின் மேல் டயர் ஏறியிருந்தால் விலங்கு முன்னரே போய்விட்டது. நல்ல வழிகாட்டி இதைச் சொல்லிக் காட்டுவார், சொல்லாவிட்டால் கேளுங்கள். இத்தகைய விளக்கத்துக்காகத்தான் அவரை அழைத்து வந்திருக்கிறோம்.

விலங்கைக் கண்டபின் எவ்வளவு தொலைவில் நிற்பது என்பதற்குச் சரணாலயம் விதித்த அளவு இருந்தால் அதுவே விதி. அப்படி இல்லாத இடத்தில், நம்மைக் கண்டு அது மேய்வதை நிறுத்திவிட்டதா என்று பார்க்க வேண்டும். நிறுத்திவிட்டால் நாம் அளவுக்கு மீறி நெருங்கிவிட்டோம். யானையிடம் இதில் தவறு செய்யவே கூடாது. காதுகளை விரித்து, தலையை உயர்த்தி, நம்மை நேராகப் பார்த்து நிற்கும் யானை எச்சரிக்கை செய்கிறது. கண்ணுக்கும் காதுக்கும் இடையிலிருந்து நீர் வழிந்து கறைபட்ட ஆண் யானை மதம் கொண்டிருக்கலாம். குட்டியுடன் இருக்கும் பெண் யானையும் பொறுமை காட்டாது. இத்தகைய நேரங்களில் யானைக்கு வழிவிட்டு, வண்டியை மெதுவாகப் பின்னுக்கு எடுக்க வேண்டும். கூட்டம் சாலையைக் கடக்கும்போது அதன் நடுவே வண்டியை நுழைத்து அதைப் பிரிக்கக் கூடாது.

கருவிகளில் பைனாகுலர் ஒன்றே இன்றியமையாதது. 8×42 என்று குறிக்கப்பட்டது எட்டு மடங்கு பெரிதாக்கும், அதன் முன்வில்லை 42 மில்லிமீட்டர் விட்டம் கொண்டது. விடியற்காலை மங்கல் ஒளிக்கு இது போதுமானது. பத்து மடங்கு பெரிதாக்குவது கை நடுக்கத்தையும் அதே அளவு பெரிதாக்கும். கேமரா கொண்டுவருபவர்கள் பிளாஷை அணைத்துவிட்டு, மணல் அல்லது பயறு நிரப்பிய சிறு பையைச் சன்னல் விளிம்பில் வைத்து அதன் மேல் லென்ஸைத் தாங்கினால் படம் நடுங்காது. அரிய விலங்கின் படத்தை இணையத்தில் பகிரும்போது இடக்குறியை நீக்கிவிட வேண்டும். வேட்டைக்காரர்களுக்கும் அதே இணையம்தான். பதிவு செய்த பறவைக் குரலை ஒலிக்கச் செய்து பறவையை வரவழைப்பதும் வேண்டாம். தன் எல்லைக்குள் போட்டியாளன் வந்துவிட்டதாக நினைத்து அது இரையையும் கூட்டையும் விட்டு அலையும். உணவு கொடுப்பதைப் பற்றித் தனியே சொல்ல வேண்டியதில்லை என்றாலும், பெரும்பாலோர் மீறுவது இதைத்தான். ஒரு துண்டு பழத்துக்காகச் சாலையோரம் காத்திருக்கப் பழகிய குரங்கு, வண்டியில் அடிபட்டு இறக்கும் குரங்காகவும் மனிதரைக் கடிக்கும் குரங்காகவும் மாறுகிறது.

8 மணிக்கு வெளியே வந்தபின் காட்சி முனைகளைப் பார்க்கலாம். காலையில் சூரியன் கிழக்கே இருப்பதால், மேற்கு நோக்கிய முனைகளில் வெளிச்சம் நம் முதுகுப்பக்கத்திலிருந்து விழுந்து எதிர்ச்சரிவின் மடிப்புகள் அனைத்தையும் தெளிவாகக் காட்டும். கிழக்கு நோக்கியவை கண்ணைக் கூசச் செய்யும். மூடுபனி இருந்தால் தாழ்ந்த முனையைக் கடைசிக்கு ஒத்திவைக்கலாம். நிறுத்தும்போது வண்டியின் எல்லாச் சக்கரங்களும் சாலைக்கு வெளியே இருக்க வேண்டும். வளைவை ஒட்டி நிறுத்துவது பின்னால் வருபவருக்கு ஆபத்து.

இறக்கத்தில் ஓட்டுநர் பிரேக்கை இடைவிடாமல் மிதித்துக்கொண்டே வந்தால் அது சூடேறிப் பிடிமானம் குறைந்துவிடும். ஏறும்போது எந்தக் கியரில் ஏறினோமோ அதே கியரில் இறங்கி, எஞ்சினே வேகத்தைக் கட்டுப்படுத்தும்படி விட்டு, பிரேக்கைத் தேவையான இடத்தில் மட்டும் அழுத்தமாக மிதித்து விடுவிக்க வேண்டும். கொண்டை ஊசி வளைவுக்குள் நுழைவதற்கு முன்பே வேகத்தைக் குறைத்துவிட்டு, ஏறி வரும் வண்டிக்கு வழிவிட வேண்டும். கருகிய வாடை அடித்தாலோ, பிரேக் மிதி வழக்கத்தைவிட ஆழமாக இறங்கினாலோ, அகலமான இடம் பார்த்து நிறுத்தி, தண்ணீர் எதையும் ஊற்றாமல், சக்கரங்கள் தாமாக ஆறும் வரை அரை மணி நேரம் காத்திருந்த பிறகே மீண்டும் இறங்கத் தொடங்க வேண்டும்.