தூர் வாரினார்களா? மழைக்கு முன் வடிகாலை அளந்து பார்ப்பது எப்படி

வடகிழக்குப் பருவமழை அக்டோபரில் தொடங்கிவிடும். வடிகாலில் தண்ணீர் ஏறிய பிறகு எவ்வளவு தூர் எடுத்தார்கள் என்று யாராலும் நிரூபிக்க முடியாது. பொய் பில் போடுகிறவர்களுக்கு அதுதான் வசதி. ஆகவே ஆகஸ்டிலேயே, வேலை தொடங்குமுன் அளந்து வையுங்கள்.

இரண்டு மீட்டர் கம்பி, டேப், சாக்பீஸ் போதும். உள்ளே இறங்கவே கூடாது. விஷவாயு ஆளைக் கொன்றுவிடும். ஊழியர்கள் மூடியைத் திறக்கும்போது மேலே நின்றே கம்பியை விடுங்கள். தூரைத் தொட்டதும் ஒரு குறி, அழுத்தி காங்கிரீட் தட்டுப்பட்டதும் இன்னொரு குறி. இரண்டுக்கும் இடையே இருப்பது தூரின் ஆழம். குழைந்த சேற்றில் நுனி தெரியாமல் இறங்கிவிடும் என்பதால், முதல் குறிக்கு மட்டும் நுனியில் சின்னத் தட்டைப் பலகையைக் கட்டிக்கொள்ளுங்கள். நாலைந்து மூடிகளில் அளந்து சராசரி எடுங்கள்.

இனி லோடு கணக்கு. 300 மீட்டர் நீளம், 1 மீட்டர் அகலம், 0.4 மீட்டர் தூர் என்றால் 120 கன மீட்டர். ஒரு யூனிட் 100 கன அடி, அதாவது 2.83 கன மீட்டர். இரண்டு யூனிட் டிப்பரில் சுமார் 21 லோடு போயிருக்க வேண்டும். நீர் வடிந்து சுருங்கியதற்கு மூன்று நான்கு லோடு விட்டுக்கொடுக்கலாம். ஐந்தே லோடு போயிருந்தால் மீதி உள்ளேதான் கிடக்கிறது.

பெரும்பாலும் மூடிக்குக் கீழே மட்டும் சுத்தமாக இருக்கும், நடுப்பகுதியைத் தொட்டிருக்கமாட்டார்கள். முதல் மழையில் ஒரு மூடியில் தண்ணீர் ததும்பி, அடுத்ததில் கணுக்கால் அளவே ஓடினால் அடைப்பு இடையில்தான்.

பிறகு தகவல் உரிமைச் சட்டத்தில் மனு. 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டினால் போதும், காரணம் சொல்ல வேண்டியதில்லை. "ஏன் செய்யவில்லை" என்று கேட்காதீர்கள், மழுப்பலான பதில்தான் வரும். எஸ்டிமேட், வேலை உத்தரவு, எம்.புக் (செய்த வேலையின் அளவைக் குறித்துவைக்கும் பதிவேடு) பக்கங்கள், பில் ஆகியவற்றின் நகலைக் கேளுங்கள். பணியிடத்தை நேரில் பார்வையிடவும் பிரிவு 2(ஜே) உரிமை தருகிறது. எம்.புக்கில் முதலில் பார்க்க வேண்டியது வேலைக்கு முந்தைய மட்டம். அது பதிவாகவில்லையென்றால் எடுத்த அளவு வெறும் கற்பனை. 30 நாளில் பதில் வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு செய்யுங்கள்.

எடுத்த தூரைக் கரையிலேயே குவித்துவிட்டுப் போவதும் உண்டு. ஒரே மழையில் திரும்ப உள்ளே போய்விடும். அதைப் படம் எடுக்கும்போது பின்னால் மின்கம்ப எண்ணோ கடைப் பலகையோ தெரியட்டும், இல்லாவிட்டால் "இது எங்கள் வார்டே இல்லை" என்பார்கள்.