சிம்ஸ் 4-இல் அம்மாயியை அம்மாயியாகவே வைப்பது எப்படி

கேரளத்துப் பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறையில் இருக்கும் எங்கள் வீட்டை, ஆட்களை உண்டாக்கிக் குடும்பம் நடத்தும் சிம்ஸ் 4 என்ற கேமுக்குள் அப்படியே கட்டி, ஆட்களையும் ஒவ்வொருவராக உண்டாக்கி முடித்த மூன்றாம் நாள், என் மாமன் மகன் எனக்கே மாமன் ஆகிவிட்டான். கேம் மேல் தப்பில்லை. மோட் (கேமை மாற்ற வெளியாட்கள் எழுதும் துணை நிரல்) வேலையெல்லாம் நன்றாகத் தெரிந்த மலையாளி நண்பன் ஒருவன் சித்தூரில் இருக்கிறான், அவனுக்கு சேவ் ஃபைலையும் யாருக்கு யார் என்ன முறை என்ற பட்டியலையும் வாட்ஸ்அப்பில் அனுப்பி, நீயே போட்டு விடுடா என்று சொல்லியிருந்தேன். பட்டியலை அவனுக்காக இங்கிலீஷ் எழுத்தில் எழுதினேன், அதில் அம்மாயி என்று ஒரு வரி. எங்களுக்கு அம்மாயி என்றால் அம்மாவைப் பெற்றவள். பொள்ளாச்சிப் பக்கம் போய்க் கேட்டாலும் அதையேதான் சொல்வார்கள். அவனுக்கோ அம்மாயி என்றால் மாமன் பெண்டாட்டி. மாமாவின் மனைவியை நான் அதுவரை உண்டாக்கவே இல்லை என்பதால் அவனுக்குச் சந்தேகமும் வரவில்லை, மாமன் மகனுக்கு அம்மா என்று அம்மாயியைப் போட்டுவிட்டான். உடனே கேம் கணக்குப் பார்த்து, இவனும் உன் அம்மாவும் ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள், ஆகவே இவன் உனக்கு மாமன் என்று காட்டிவிட்டது.

அதைச் சரி செய்ய இரண்டு நாள் ஆனது. பாதி நேரம் தப்பான இடத்தில் கை வைத்ததில்தான் போனது.

முதலில் இதை மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். சிம்ஸ் 4-இல் உறவு என்பது ஒரே இடத்தில் இல்லை. பச்சைப் பட்டையும் இளஞ்சிவப்புப் பட்டையும் வெறும் மதிப்பெண்கள், நட்புக்கு ஒன்று, காதலுக்கு ஒன்று, இரண்டுமே கழித்தல் 100 முதல் 100 வரை ஓடும். அந்தப் பட்டைகளுக்கு மேல் நல்ல நண்பர், கணவர், அக்கா என்று வரும் பெயர் தனி, அதைப் பட்டம் என்று வைத்துக்கொள்வோம். குடும்ப மரம் இன்னொரு தனி. 2020 நவம்பரில் வந்த அப்டேட்டில் மனத்தாங்கல், நன்றி மாதிரியான உணர்வுகளும் சேர்ந்தன, அவை வேறொரு அடுக்கு. ஒன்றை மாற்றினால் மற்றது தானாக மாறும் என்று நினைத்துத்தான் எல்லோரும் மாட்டிக்கொள்கிறோம். காதல் பட்டையை 100-க்கு ஏற்றிவிட்டு ஏன் இன்னும் கல்யாணம் ஆகவில்லை என்று கேட்பது, ஜாதகம் பொருந்திவிட்டது, தாலி எங்கே என்று கேட்பது மாதிரி.

கை வைக்கும் முன்னால் சேவ் ஃபைலை வேறொரு இடத்தில் நகல் எடுத்து வையுங்கள். டாகுமென்ட்ஸ் ஃபோல்டருக்குள் எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ், அதற்குள் தி சிம்ஸ் 4, அதற்குள் சேவ்ஸ். அந்த ஃபோல்டரை மொத்தமாகவே பென் டிரைவில் போட்டுவிடுங்கள். வெர்0, வெர்1 என்று வால் முளைத்த ஃபைல்கள் அங்கே இருக்கும், அவை கேம் தானே எடுத்து வைக்கும் பழைய நகல்கள், ஆனால் ஒவ்வொரு முறை சேவ் செய்யும்போதும் அவை ஒரு படி தள்ளிப்போகும், பதற்றத்தில் ஐந்தாறு தரம் சேவ் செய்துவிட்டால் நல்ல நகல் போயே போய்விடும். எனக்கு அப்படித்தான் போனது.

பட்டைகளில்தான் பிரச்சினை என்றால் மோட் எதுவும் வேண்டாம். கன்ட்ரோல், ஷிஃப்ட், சி மூன்றையும் சேர்த்து அழுத்தினால் மேலே ஒரு பெட்டி திறக்கும் (மேக்கில் கன்ட்ரோலுக்குப் பதில் கமாண்ட்). டெஸ்டிங்சீட்ஸ் ட்ரூ என்று இங்கிலீஷில் அடித்து என்டர் தட்டுங்கள். அதற்குப் பிறகு மாடிஃபைரிலேஷன்ஷிப் என்று இடைவெளி விடாமல் ஒரே சொல்லாக அடித்து, முதல் ஆளின் பெயர், குடும்பப் பெயர், இரண்டாம் ஆளின் பெயர், குடும்பப் பெயர், ஓர் எண், கடைசியில் எல்டிஆர்_ஃப்ரெண்ட்ஷிப்_மெயின் (LTR_Friendship_Main) என்று இங்கிலீஷில் போட வேண்டும். காதல் பட்டைக்கு ஃப்ரெண்ட்ஷிப் இருக்கும் இடத்தில் ரொமான்ஸ். அடிக்கோடுகளை விட்டுவிடாதீர்கள். இதில் கவனிக்க வேண்டியது, அந்த எண் இருக்கும் மதிப்போடு கூடும், பட்டையை அந்த எண்ணில் கொண்டுபோய் நிறுத்தாது. கழித்தல் 60-இல் கிடக்கும் இரண்டு பேருக்கு 100 கொடுத்தால் 40-க்குத்தான் வருவார்கள். பகையை மூட்ட வேண்டுமானால் கழித்தல் குறி போட்டு எண்ணைக் கொடுங்கள்.

நம் ஆட்களுக்கு இங்கே ஒரு சிக்கல் உண்டு. கேம் பெயரையும் குடும்பப் பெயரையும் தனித்தனியாகக் கேட்கும், நமக்கோ இனிஷியல்தான். நான் அப்பா பெயரைக் குடும்பப் பெயராகப் போட்டேன், அப்பாவுக்கு அப்பாரு, அதாவது அவரைப் பெற்றவர் பெயர், அதனால் ஒரே வீட்டில் மூன்று குடும்பப் பெயர்கள். பரவாயில்லை, கட்டளைக்கு அது பிரச்சினையே இல்லை. ஆனால் ஒரு பெயருக்குள்ளேயே இடைவெளி விட்டிருந்தால் கட்டளை குழம்பிவிடும், ஆகவே ஆட்களை உண்டாக்கும்போதே பெயரை ஒரே சொல்லாக வைத்துவிடுங்கள்.

இதையெல்லாம் அடித்துக்கொண்டிருக்கப் பொறுமை இல்லாதவர்களுக்கு யூஐ சீட்ஸ் எக்ஸ்டென்ஷன் என்ற மோட் இருக்கிறது. அதைப் போட்டபின் உறவுப் பலகத்தில் பட்டையின் மேலேயே க்ளிக் செய்து ஏற்றலாம், இறக்கலாம். நான் இப்போது பட்டைக்கு அதைத்தான் பயன்படுத்துகிறேன், கட்டளைப் பெட்டியைத் திறந்தே பல மாதம் ஆகிறது.

பட்டத்துக்கும் மரத்துக்கும் எம்சி கமாண்ட் சென்டர் வேண்டும், சுருக்கமாக எம்சிசிசி. டெடர்பூல் என்ற புனைபெயரில் எழுதுபவர் செய்தது. அவருடைய சொந்தப் பக்கத்திலிருந்து மட்டும் இறக்குங்கள். 2024 தொடக்கத்தில் மோட் தளங்கள் சிலவற்றில் கடவுச்சொல் திருடும் ஃபைல்கள் மோட் வேடத்தில் ஏறின, அதற்காகவே ட்விஸ்டட்மெக்ஸி என்பவர் மோட்கார்ட் என்ற காவல் மோட் ஒன்றை எழுதினார், அதையும் சேர்த்துப் போட்டுக்கொள்வது நல்லது. இறக்கியதை விரித்து மோட்ஸ் ஃபோல்டருக்குள் வைக்கும்போது, ஸ்கிரிப்ட் ஃபைல்கள் ஒரே ஒரு ஃபோல்டர் ஆழத்துக்குள் இருக்க வேண்டும். ஃபோல்டருக்குள் ஃபோல்டர் என்று அழகாக அடுக்கி வைத்தால் கேம் கண்ணுக்கே படாது. அப்புறம் கேம் ஆப்ஷன்ஸில் மோட்களையும் ஸ்கிரிப்ட் மோட்களையும் தனித்தனியாக அனுமதித்து, மூடித் திறக்க வேண்டும். ஒவ்வொரு அப்டேட்டுக்குப் பிறகும் கேம் இந்த அனுமதியைத் தானே எடுத்துவிடும், அன்றைக்கே பழைய எம்சிசிசியோடு திறக்காமல் அதற்கும் புதியது வரும்வரை பொறுங்கள். பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸில் ஆடுகிறவர்களுக்கு மோட் கிடையாது, மேலே சொன்ன சீட் கட்டளைகளோடு நிறுத்திக்கொள்ள வேண்டியதுதான்.

இனி மரம். எனக்கு இதில்தான் ஆச்சரியம். திரையில் அண்ணன், அத்தை, சித்தப்பா என்று அத்தனை முறையையும் காட்டுகிறதே, ஒவ்வொன்றையும் எங்கோ எழுதி வைத்திருக்கும் என்று நினைத்தேன். இல்லை. ஓர் ஆளுக்கு கேம் நினைவில் வைப்பது ஆறே இடங்கள்: அம்மா, அப்பா, அம்மாவின் அம்மா, அம்மாவின் அப்பா, அப்பாவின் அம்மா, அப்பாவின் அப்பா. மற்றதெல்லாம் அந்த ஆறை வைத்துப் போடும் கணக்கு. அமெரிக்காவில் உட்கார்ந்து எழுதிய நிரலுக்குள் அம்மாயி, அவள் கணவர் அப்பிச்சி, அப்பாவைப் பெற்ற ஆத்தா, அப்பாரு நான்கு பேருக்கும் தனித்தனி நாற்காலி போட்டு வைத்திருக்கிறார்கள், திரைக்கு வரும்போதுதான் எல்லோரையும் தாத்தா பாட்டி என்று ஒன்றாகக் கட்டிவிடுகிறார்கள்.

ஆகவே அண்ணன் தம்பி உறவு வேண்டுமானால் அண்ணன் என்ற பட்டத்தைத் தேடி ஒட்டாதீர்கள், இரண்டு பேருக்கும் ஒரே அப்பாவையும் அம்மாவையும் கொடுங்கள். அத்தை வேண்டுமானால் அத்தைக்கும் அப்பாவுக்கும் அப்பாருவையும் ஆத்தாவையும் கொடுங்கள். பெரியவர்களை உண்டாக்காமல் மேலே மரம் நிற்காது. மாற்ற வேண்டிய ஆளின் மேல் க்ளிக் செய்தால் எம்சி கமாண்ட் சென்டர் என்ற வரி வரும், உள்ளே சிஏஎஸ் (க்ரியேட் எ சிம் என்பதன் சுருக்கம்) பகுதியில் குடும்ப உறவை மாற்றும் இடம் இருக்கிறது. முதலில் தப்பான பெற்றோரை நீக்குங்கள், பிறகு சரியானவரைத் தேர்ந்தெடுங்கள். க்ளிக் செய்த ஆளுக்கு அடுத்தவர் அப்பாவா, அடுத்தவருக்கு இவர் அப்பாவா என்பதை இரண்டு தரம் படித்துவிட்டு ஓகே கொடுங்கள், அவசரத்தில் அப்பாருவை நான் என் அப்பாவுக்கு மகனாக்கினேன், ஆத்தா அதற்குப் பிறகு என்ன ஆனாள் என்று கேட்காதீர்கள்.

என் மாமன் மகன் விஷயத்தில் செய்தது இவ்வளவுதான்: அவனுக்கு அம்மா இடத்திலிருந்து அம்மாயியை நீக்கினேன், மாமாவின் மனைவியை உண்டாக்கி அந்த இடத்தில் உட்கார வைத்தேன், மாமாவின் பெற்றோர் இடத்தில் அம்மாயியும் அப்பிச்சியும் இருக்கிறார்களா என்று பார்த்தேன். முறை தானாகத் திரும்பி வந்தது.

இன்னும் ஆரம்பிக்காதவர்களுக்கு இதைவிடச் சுலபமான வழி இருக்கிறது. ஆட்களை உண்டாக்கும் திரையில் ஒரு வீட்டுக்கு எட்டுப் பேர் வரை வைக்கலாம். அப்பாரு, ஆத்தா, அப்பா, அம்மா, அத்தை, மாமா, நான், அத்தை மகன் என்று எண்ணினால் சரியாக எட்டு. அங்கேயே உறவுகளைக் கோத்து, பிறகு வீடுகளைப் பிரித்துத் தனிக்குடித்தனம் வைத்தால் மோட் இல்லாமலே மரம் நிற்கும். பெற்றவர்களின் வயதுக் கட்டம் பிள்ளைகளுக்கு ஒரு படி மேலேயே இருக்கட்டும்.

சரி, எந்த மோட் போட்டாலும் மரத்துக்குள் கொண்டுவர முடியாதது நம் முறை. சித்தப்பா மகனும் அத்தை மகனும் கேமுக்கு ஒன்றுதான், இரண்டு பேருமே கசின். நமக்கு ஒருவன் அண்ணன், பங்காளி, இன்னொருவன் மச்சான். கேம் கசின் என்று கண்டுகொண்டால் காதல் பேச்சையே பட்டியலில் காட்டாது, சித்தப்பா மகனுக்கு அது சரி, அத்தை மகன் கதைக்கு ஒத்துவராது. மரத்தை அறுத்தால்தான் வழி பிறக்கும், அறுத்தால் அத்தை அத்தையாக இருக்க மாட்டாள். நான் அறுக்கவில்லை, எங்கள் வீட்டிலேயே இப்போது யாரும் முறையில் கட்டுவதில்லை. மாமியார், சம்பந்தி, நங்கையா என்று கல்யாணத்தால் வந்த இவர்களுக்கும் அந்த ஆறு இடங்களில் இடமில்லை, பட்டையை வைத்துத்தான் அவர்கள் உறவைக் காட்ட வேண்டும்.

பட்டை முழுக்கப் பச்சையாக இருந்தும் இரண்டு பேர் முகம் கொடுத்துப் பேசவில்லை என்றால் மனத்தாங்கலைப் பாருங்கள். பட்டை இரண்டு பேருக்கும் பொது, மனத்தாங்கல் ஒருவர் பக்கம் மட்டும் இருக்கும், அதனால் நீங்கள் அப்பாவாக ஆடும்போது ஒன்றும் தெரியாது, அத்தையாக மாறிப் பார்த்தால்தான் அவள் பக்கத்தில் புண்பட்டது தெரியும். இதை அழிக்க நான் அவசரப்படுவதில்லை. நாள் போனால் சில தானே போகும், மன்னிப்புக் கேட்க வைத்தும் பார்க்கலாம்.

மரத்தைச் சரி செய்தபின் அதைக் காப்பாற்றுவதும் ஒரு வேலை. பெரியவர்கள் இனி வேண்டாம் என்று அவர்களை டெலீட் செய்யாதீர்கள், மேலே ஓட்டை விழும். வயதாகிச் சாகட்டும், அல்லது தனி வீட்டில் வையுங்கள். ஊரில் ஆட்கள் கூடிப்போனால் கேம் தானே சிலரைக் கழித்துக் கட்டும், நாம் ஆடாத வீட்டுக்காரர்களும் செத்தவர்களும் அதில் போய்விட வாய்ப்புண்டு, அப்படிப் போகக் கூடாதவர்களை எம்சிசிசியில் குறித்து வைக்கலாம். எங்கள் அப்பிச்சியை முதல் வேலையாக அப்படிக் குறித்தேன்.

வேலை முடிந்ததும் உங்கள் ஆளின் மரத்தை மட்டும் பார்த்துவிட்டு மூடாதீர்கள். ஒவ்வொருவராகத் திறந்து அவர்கள் மரத்திலும் பாருங்கள், பழைய சேவ் மேல் எழுதாமல் புதுப் பெயரில் சேவ் செய்யுங்கள். நண்பனுக்குப் பட்டியல் அனுப்புவதானால் முறைப்பெயர் வேண்டாம், அம்மாவின் அம்மா, அப்பாவின் அக்கா என்று நீட்டியே எழுதி அனுப்புங்கள்.