ஈமெயிலிலிருந்து அமெரிக்க மொபைலுக்கு எஸ்எம்எஸ்

அமெரிக்க மொபைல் நிறுவனங்கள் ஒவ்வொரு நம்பருக்கும் ஒரு ஈமெயில் முகவரி வைத்திருந்தன. அதற்கு மெயில் அனுப்பினால் போனில் எஸ்எம்எஸ்ஸாக விழும். வெரைசனுக்கு விடெக்ஸ்ட் டாட் காம், டி-மொபைலுக்கு டிமோமெயில் டாட் நெட். ஏடி அண்ட் டி 2025 ஜூன் 17 அன்று இந்த வசதியை மூடிவிட்டது. பழைய பட்டியல்களில் அதன் முகவரி இருந்தாலும் பயனில்லை. மற்றவற்றையும் முதலில் தெரிந்தவர் ஒருவரின் நம்பருக்கு அனுப்பிப் பார்த்துவிட்டே நம்புங்கள்.

பெறுநர் இடத்தில் 10 இலக்க நம்பர், ஒட்டியபடியே அட் குறி, அதன்பின் மேலே சொன்னதுபோல அந்த நிறுவனத்தின் டொமைன். முன்னால் 1 வேண்டாம். நடுவில் கோடோ இடைவெளியோ கூடாது. எந்த நிறுவனம் என்பதை அவரிடமே கேளுங்கள். நம்பரை மாற்றாமலே நிறுவனம் மாறலாம் என்பதால் நம்பரைப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது.

சப்ஜெக்டைக் காலியாக விடுங்கள். எழுதினால் அதுவும் எழுத்துக்கணக்கில் சேரும். ஜிமெயிலில் எழுதும் பெட்டியின் கீழே உள்ள மூன்று புள்ளிகளைத் தட்டி எளிய உரை (பிளெயின் டெக்ஸ்ட்) முறைக்கு மாற்றுங்கள். கையொப்பத்தை அழித்துவிடுங்கள். மறந்தால் உங்கள் பதவியும் அலுவலக முகவரியும்கூட எழுத்துக்கணக்கில் சேரும்.

அதிகம் சறுக்குவது நீளத்தில்தான். ஒரு எஸ்எம்எஸ்ஸில் 140 பைட் அடங்கும். ஆங்கிலத்தில் அது 160 எழுத்து. தமிழ் எழுத்து ஒன்று வந்தாலும் மொத்த செய்தியும் எல்லா மொழி எழுத்துக்கும் பொதுவான யூனிகோடுக்கு மாறி 70 ஆகச் சுருங்கும். அந்த 70-இலும் புள்ளிக்கும் கொம்புக்கும் தனிக்கணக்கு: ‘தமிழ்’ நம் கண்ணுக்கு மூன்றெழுத்து, எஸ்எம்எஸ்ஸுக்கு ஐந்து. இமோஜி பெரும்பாலும் இரண்டு இடம் பிடிக்கும். வேர்டிலிருந்து ஒட்டிய ஆங்கிலத்தில் வளைந்த மேற்கோள் குறி ஒன்று ஒளிந்திருந்தாலும் 160 போய் 70 ஆகிவிடும்; இதைக் கண்டுபிடிக்கத்தான் நேரம் பிடிக்கும்.

இந்திய நம்பர்களுக்கு இந்த வழி உதவாது. அங்கே வணிக எஸ்எம்எஸ் அனுப்ப, தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராயின் விதிப்படி டிஎல்டி என்ற பதிவுத் தளத்தில் அனுப்புநர் பெயரும் வாசகமும் பதிய வேண்டும். தனிப்பட்ட செய்திக்கு கூகுள் மெசேஜஸை உலாவியில் திறந்து, க்யூஆர் கோடை ஆண்ட்ராய்டு போனில் ஸ்கேன் செய்து, சொந்த சிம்மிலிருந்தே அனுப்பலாம்.

ஈமெயில் வழியாக அனுப்பினால், போய்ச்சேர்ந்ததா என்று உறுதிசெய்யும் தகவல் எதுவும் வராது. ஸ்பேம் வடிகட்டி சத்தமில்லாமல் விழுங்கிவிடுவதும் உண்டு. சர்வர் படுத்துவிட்டால் எழுப்பும் அலாரமாக இதை வைத்துக்கொள்ளாதீர்கள்.