பந்தோபஸ்து உத்தரவைத் தப்பாகப் படிக்காதீர்கள்

துறைமுகமோ, மின்கோபுரமோ, கழிவுநீர் சுத்திகரிப்பு நிலையமோ, ஊர் மறித்தால் வேலை நிற்கும். வேலையை எடுத்தவர்கள் உயர் நீதிமன்றத்துக்குப் போவார்கள். அரசியல் சட்டத்தின் 226-ஆவது பிரிவின்கீழ் ரிட் மனு (அரசுக்கோ அதிகாரிக்கோ கட்டளையிடக் கோரும் மனு) போட்டு, போலீஸ் பாதுகாப்பு, அதாவது பந்தோபஸ்து, கேட்பார்கள். உத்தரவு வந்ததும் ஒரு தரப்பு பட்டாசு வெடிக்கும், மறு தரப்பு 'எல்லாம் போச்சு' என்று தலையில் கை வைக்கும். இரண்டுமே தப்பு.

இத்தகைய மனுவில் நீதிபதி பார்ப்பவை சில விஷயங்களே: வேலைக்கு உரிய அனுமதி இருக்கிறதா, தடுப்பது யார், போலீஸ் ஏன் கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறது. திட்டம் ஊருக்கு நல்லதா, கடல் அரிக்குமா என்பதற்கு அங்கே பெரும்பாலும் விடை கிடைக்காது. சுற்றுச்சூழல் அனுமதியை எதிர்க்கும் இடம் தேசிய பசுமைத் தீர்ப்பாயம். அங்கே மேல்முறையீட்டுக்கு 30 நாள்தான் கெடு. தகுந்த காரணம் காட்டினால் இன்னும் 60 நாள் கிடைக்கலாம், அதற்குமேல் கதவு அடைபடும். போராட்டப் பந்தலில் உட்கார்ந்தே இந்தக் கெடுவைத் தவறவிடுவதுதான் என் பார்வையில் போராடுபவர்கள் செய்யும் பெரிய தவறு.

அடுத்தது, பந்தல் போடும் இடம். கேரளத்தின் விழிஞ்ஞம் துறைமுகம் இதற்குச் சரியான பாடம். 2022 ஆகஸ்டில், கடலரிப்பில் வீடிழந்த மீனவர்கள் லத்தீன் கத்தோலிக்கத் திருச்சபையின் தலைமையில் துறைமுக வாயிலை மறித்துப் பந்தல் போட்டார்கள். கட்டுமானத்தை நிறுத்தி அரிப்பை ஆராய வேண்டும், வீடிழந்து சிமென்ட் கிடங்கில் கிடக்கும் குடும்பங்களுக்கு வீடு வேண்டும் என்பவை அவர்களின் கோரிக்கைகளில் முக்கியமானவை. துறைமுகத்தைக் கட்டும் அதானி நிறுவனமும் ஒப்பந்ததாரரும் நீதிமன்றம் போனார்கள். செப்டம்பர் 1 அன்று வந்த உத்தரவு, அமைதியாகப் போராடும் உரிமையை மறுக்கவில்லை. வேலையைத் தடுக்காதே, திட்டப் பகுதிக்குள் நுழையாதே என்றுதான் சொன்னது. உள்ளூர் போலீஸால் முடியாவிட்டால் மத்தியப் படையின் உதவியைக் கேட்கலாம் என்றும் சொன்னது. அதன்பிறகும் பந்தல் வாயிலிலேயே நின்றது. வீடு கேட்ட போராட்டம், பந்தலை அகற்றும் வழக்காகச் சுருங்கிப் போனது. நவம்பர் கடைசியில் பாறை ஏற்றி வந்த லாரிகளை மறித்ததில் மோதல் மூண்டு, மறுநாள் காவல் நிலையமே தாக்கப்பட்டது. கோரிக்கைகளைப் பற்றிப் பேசிய செய்தித்தாள்கள் அதன்பின் காயமடைந்த போலீஸாரைப் பற்றிப் பேசின. வாயிலை விட்டுத் தள்ளி அதே பந்தலைப் போட்டிருந்தால் அந்த உத்தரவு அதைத் தொட்டிருக்காது.

ஆனால் உத்தரவு வாங்கியவர்களுக்கும் அதனால் உடனே பயன் கிடைக்கவில்லை. போலீஸ் வழியைத் திறக்கவில்லை, நீதிமன்ற அவமதிப்பு மனு போட வேண்டியதாயிற்று. டிசம்பர் 6 அன்று முதலமைச்சருடன் நடந்த பேச்சில்தான் போராட்டம் முடிந்தது. வீடிழந்தவர்களுக்கு மாதம் 5,500 ரூபாய் வாடகை என்பது அங்கே பேசப்பட்ட விஷயம். அதை ஆகஸ்டிலேயே உட்கார்ந்து பேசி முடிக்க என்ன தடை? பந்தோபஸ்து கையில் இருக்கும்போது பேச்சுவார்த்தை எதற்கு என்று நினைக்கும் அதிகாரிகள் இதைக் கவனிக்க வேண்டும்.

மனுதாரர் தரப்பின் தவறுகள் சின்னவை, ஆனால் மனுவையே கவிழ்த்துவிடும். காவல் நிலையத்தில் மனு கொடுத்து ரசீது வாங்காமல் நேராக நீதிமன்றம் போவது ஒன்று. உரிமையியல் நீதிமன்றத்தில் நிலுவையில் இருக்கும் வழக்கை மறைப்பது இன்னொன்று. காலாவதியான அனுமதியோடு போகிறவர்களும் உண்டு, அவர்களைப் பற்றி என்ன சொல்ல!

ஊர்த் தரப்பில், நீதிமன்ற நோட்டீஸ் வந்தால் வாங்காமல் திருப்பி அனுப்புவது வீரம் என்று ஒரு நினைப்பு இருக்கிறது. உங்கள் பேச்சைக் கேட்காமலே உத்தரவு போட அதுவே வழி செய்யும். வழக்கில் பெயர் சேர்க்கப்படாதவர்களும் பாதிக்கப்பட்டிருந்தால், நீதிமன்றத்தின் அனுமதி பெற்று மேல்முறையீடு செய்யலாம். களத்தில் கைகலப்பு மட்டும் கூடாது. பொது ஊழியரைத் தாக்கிக் கடமையைத் தடுத்தால் பாரதிய நியாய சன்ஹிதா என்ற குற்றவியல் சட்டத்தின் 132-ஆவது பிரிவில் இரண்டு ஆண்டு வரை சிறை. வழக்கு நிலுவையில் இருக்கும்வரை பாஸ்போர்ட்டிலும் அரசு வேலையிலும் சிக்கல், அது பெரும்பாலும் ஊர் இளைஞர்கள் தலையில்தான் விடியும்.

தமிழ்நாட்டில் தாலுகா அலுவலகத்தில் நடக்கும் அமைதிப் பேச்சுவார்த்தைக்குப் போகிறவர்கள், கூட்ட முடிவை எழுதிய தாளை முழுக்கப் படிக்காமல் கையெழுத்துப் போடக் கூடாது. 'வேலைக்கு இடையூறு செய்வதில்லை என ஒப்புக்கொள்ளப்பட்டது' என்ற ஒரு வரி அதில் இருந்தால், நாளை நீதிமன்றத்தில் அரசு வழக்கறிஞர் முதலில் நீட்டுவது அந்தத் தாளைத்தான். ஆட்சேபம் இருந்தால் கையெழுத்துக்கு மேலேயே எழுதுங்கள், நகல் ஒன்று கேட்டு வாங்குங்கள்.