நைஜீரியப் படத்துக்குத் தமிழில் நேரடிக் குரல் கொடுப்பது எப்படி?

பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறைப் பக்கத்து வாசகசாலைகளில் ஆப்பிரிக்கப் படம் ஒன்றைத் திரையிட விரும்புவோர் முதலில் அனுமதி வாங்க வேண்டும். நைஜீரியத் தயாரிப்பாளர்கள் பலர் முழுநீளப் படங்களைத் தங்கள் யூடியூப் சேனல்களிலேயே இலவசமாக வெளியிடுகிறார்கள். எனினும் அது சொந்தமாகப் பார்ப்பதற்கு மட்டுமே என்பதால், சேனலுக்கு எழுதி, எழுத்திலேயே ஒப்புதல் பெற்றுப் படக்கோப்பையும் கேட்டு வாங்கிய பிறகே நாள் குறியுங்கள்.

தொடங்குமுன் ஐந்து நிமிடம் வரலாறு சொல்லுங்கள். 1992-இல் கென்னத் நெபுவே தயாரித்த ‘லிவிங் இன் பாண்டேஜ்’ என்ற இக்போ மொழிப் படம், தியேட்டரை நம்பாமல் நேரே வீடியோ கேசட்டாக விற்பனைக்கு வந்து பெருவெற்றி பெற்றது. டெக்கை வாடகைக்கு எடுத்து விடிய விடியப் படம் பார்த்த நம் பெரியவர்களுக்கு இது உடனே விளங்கும். பிறகு விசிடி, 2011-இல் ஐரோகோ டிவி என்ற இணையப் படத்தளம், 2016-இல் நெட்ஃபிளிக்ஸ் என வழிகள் பெருகின. 2010-இல் நைஜீரியாவை இணைத்த மெயின்ஒன் கடலடி இணையக் கேபிளும் விலை குறைந்த கைப்பேசிகளும் இல்லாமல் இணைய வீடியோ அங்கே இவ்வளவு பரவியிருக்காது.

குரல் கொடுக்கும் முறையை உகாண்டாவிடம் கற்கலாம். அங்குள்ள வீடியோ கொட்டகைகளில் ‘விஜே’ எனப்படுபவர் மைக்கைப் பிடித்து, வேற்றுமொழிப் படத்தை உள்ளூர் லுகாண்டா மொழியில் சொல்லிக்கொண்டே போவார். வசனத்தோடு நில்லாமல் விளக்கமும் கருத்தும் சேர்ப்பார். எனக்கு இது மொழிபெயர்ப்பைவிட மேலான கலையாகவே தோன்றுகிறது.

உங்கள் விஜே படத்தை மூன்று முறையாவது பார்த்து, காட்சிக்கு ஒரு வரி மட்டும் குறித்துக்கொள்ளட்டும். முழு வசனத்தையும் எழுதினால் வாசிப்புதான் வரும், பேச்சு வராது. நைஜீரியாவின் பேச்சு ஆங்கிலத்தில் வரும் ‘ஓகா’ என்பதை ‘மொதலாளி’ என்றும், ‘அபெக்’ என்ற கெஞ்சலை ‘கும்புட்டுக் கேக்கறனுங்க’ என்றும் நம் ஊர்ப் பேச்சிலேயே சொல்ல வேண்டும். பேசும்போது படத்தின் ஒலியைத் தாழ்த்தி, பாட்டிலும் அழுகையிலும் முழுதாக உயர்த்திவிட்டு, விஜே வாய்மூடி இருக்க வேண்டும்.

ஆடியில் பாலக்காட்டுக் கணவாய்க் காற்று திரைத்துணியைப் பாய்மரம்போல் உப்பவைத்து முகங்களைக் கோணலாக்கிவிடும். அந்த மாதத்தில் வெள்ளையடித்த சுவரே போதும்.